பீர்கஞ்ச் போய்த் திரும்பி வந்த சொம்பு

தம்பிக்கு,

நீயும் சரிதாவும் கொடுத்தனுப்பிய சொம்பு நேற்று நம் வீட்டு வாசலில் வந்து இறங்கியது. கொரியரில் வந்திருந்தால் கையெழுத்துப் போட்டு வாங்கி அலமாரியில் வைத்துவிட்டு, கும்பிடு பொம்மை ஒன்றை உன் போனுக்குத் தட்டிவிட்டு வேலையைப் பார்த்திருப்பேன். லாரியில் வந்தது, அதுவும் பெரம்பலூர் லாரியில், அதுவும் அதை ஓட்டுகிற முருகேசனின் கையாலேயே வந்தது. அதைப் பார்த்ததும் எனக்குக் கடிதம் எழுதும் நோய் வந்துவிட்டது. அப்பாவின் மூட்டுவலி அப்படியே இருக்கிறது, என் வாயும் அப்படியே இருக்கிறது, சுகச்செய்தி இவ்வளவுதான். இனி விஷயத்துக்கு வருகிறேன்.

இந்தக் கடிதத்தை உறையில் போட்டு ஒட்டாமல்தான் வைக்கப் போகிறேன். வீடு வீடாகப் போய் இன்சூரன்ஸ் பாலிசி பிடிக்கிறவள் நான். ரகசியம் என்று நான் அரியலூரில் சொன்ன எதுவும், செந்துறை பஸ் கிளம்புவதற்குள் செந்துறைக்குப் போய்ச் சேர்ந்துவிடும். ஆகவே யார் வேண்டுமானாலும் படிக்கட்டும், உன் அத்தை உட்பட. அத்தைக்கு நானே படித்துக் காட்டுவதாக இருக்கிறேன். எந்தெந்த வரியில் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னை முறைப்பார் என்பதும் எனக்குத் தெரியும்.

உன் கல்யாணத்தன்று நாங்கள் மண்டபத்துக்கு வர ஏன் அவ்வளவு நேரம் ஆனது என்று நீ கேட்டாய். உன் அப்பா 'டிராஃபிக்' என்று ஒரே வார்த்தையில் முடித்துக்கொண்டார். அவர் எதையும் ஒரே வார்த்தையில் முடிப்பவர். என்னைப் பெண் பார்த்துவிட்டுப் போனபோதுகூட 'சரி' என்றுதான் சொன்னாராம். ஆனால் அது டிராஃபிக் இல்லை. நீ பட்டு வேட்டி கட்டிக்கொண்டு நேபாளத்தில் உட்கார்ந்திருந்தாய். உன் தாலி எல்லைக்கோட்டின் மேல் நின்றுகொண்டிருந்தது. முகூர்த்தம் தவறியிருந்தால் அதற்கு முழுக் காரணம் எவர்சில்வரும் நானும்தான். அந்தக் கதை உனக்குத் தெரியாது. மாப்பிள்ளையிடம் சொல்லக் கூடாது என்று நான்தான் எல்லோர் வாயையும் கட்டிவைத்தேன். இப்போது அவிழ்க்கிறேன்.

அதற்கு முன்னால் உன் பிறவிக் கதையைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். நான் பெரம்பலூர்ப் பக்கத்துப் பெண், உன் அப்பா அரியலூர்க்காரர். பெரம்பலூருக்கு நான்கு வழிச் சாலை இருக்கிறது, ரயில் கிடையாது. அரியலூருக்கு ரயில் இருக்கிறது, அந்த மாதிரி சாலை கிடையாது. எங்கள் கல்யாணப் பேச்சிலேயே இது வந்துவிட்டது. "எங்க ஊர்ல கைய நீட்டுனா மெட்ராஸ் பஸ் நிக்கும்" என்று என் அண்ணன் சொல்ல, "எங்க ஊர்ல கைய நீட்டாமலே ரயில் நிக்குமே" என்று உன் அத்தை திருப்பிக் கொடுத்தார். அன்று ஆரம்பித்தது எனக்கும் அவருக்கும். ஆக, ரோடும் ரயிலும் சம்பந்தம் செய்துகொண்டு பிறந்தவன் நீ. நாடு விட்டு நாடு போகிற சாலைக்கும் ரயில் பாதைக்கும் மண் பார்க்கிற வேலைக்கு நீ போனதில் ஆச்சரியம் என்ன இருக்கிறது?

எல்லை என்பதும் உனக்குப் புதிதில்லை. நீ பிறந்தபோது நாம் பெரம்பலூர் மாவட்டம். பால்வாடிக்குப் போனபோது அரியலூர் மாவட்டம். ஒன்றாம் வகுப்புக்குப் போவதற்குள் மறுபடி பெரம்பலூரோடு சேர்த்துவிட்டார்கள். நீ அரைக்கால் சட்டையிலிருந்து முழுக்கால் சட்டைக்கு வந்தபோது மறுபடி அரியலூர். இத்தனைக்கும் நம் வீடு ஒரு அடி நகரவில்லை. "நாம எந்த ஊரும்மா?" என்று நீ கேட்பாய். "இன்னிக்கு என்ன கிழமை?" என்று நான் கேட்பேன். கோடு என்பது ஆபீஸில் போடுகிற சமாச்சாரம், சோறும் சம்பந்தமும் அதைப் பார்த்து நடப்பதில்லை என்று அப்போதே எனக்கு ஒரு திமிர் வந்துவிட்டது. அந்தத் திமிரைத்தான் உன் கல்யாணத்தன்று ஒரு ஆபீசர் மேஜைமேல் எடுத்து வைத்துப் பார்த்தார்.

நீ அங்கே வேலைக்குப் போனதும் ஊரில் என்னைக் கேட்பார்கள், பையன் என்ன பண்ணுகிறான் என்று. நீ போனில் சொன்னதைத்தான் நானும் சொல்வேன். இந்தியாவிலிருந்து நேபாளத்துக்குள் ரயில் பாதை நீளப் போகிறது, லாரிகள் வந்து நிற்க ஒரு பெரிய முனையம் வரப் போகிறது, பாரம் தாங்குமா என்று பையன் துளை போட்டு மண் எடுத்துப் பார்க்கிறான் என்பேன். கேட்டவர்கள், "குழி தோண்டுறதுக்கு அவ்ளோ தூரம் ஏன் போகணும், இங்க இல்லாத குழியா?" என்பார்கள். ரெட்டிபாளையம் பக்கத்துச் சுண்ணாம்புக்கல் பள்ளங்களைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு வேறு என்ன தோன்றும்? நானும் சிரித்துவிட்டு பாலிசியைப் பற்றிப் பேசப் போய்விடுவேன். உண்மையைச் சொல்கிறேன், அப்போது எனக்கும் அதற்கு மேல் ஒன்றும் புரிந்திருக்கவில்லை.

பிறகு நீ சரிதாவைப் பற்றிச் சொன்னாய். உன் அலுவலகத்தில் கணக்குப் பார்க்கிற பெண், அப்பா பீர்கஞ்சில் பள்ளி ஆசிரியர் என்றாய். "நேபாளமா?" என்றார் உன் அப்பா. அதுவும் ஒரே வார்த்தைதான். நான் மட்டும் உள்ளே போய், கூர்க்கா வேலைக்கு வந்தவர்களைத் தவிர நேபாளத்தில் யாரை எனக்குத் தெரியும் என்று யோசித்துப் பார்த்தேன். யாரையும் தெரியாது. தெரியாத ஊர்ச் சம்பந்தியிடம் நம் மரியாதை எப்படித் தெரியும்? சீர்வரிசையில்தான் தெரியும் என்று முடிவு கட்டினேன். இங்கேதான் நான் தடம் புரண்டேன்.

காலையில் நம் முறைப்படி தாலி, மாலையில் அவர்கள் முறைப்படி குங்குமம் என்று பேசி முடித்திருந்தோம். உனக்கு அக்கா தங்கை இல்லாததால் மூன்றாவது முடிச்சை உன் அத்தைதான் போட வேண்டும் என்பதும் முடிவானது. ஊரில் என்றால் அதற்கு முறை உண்டா இல்லையா என்று நாலு பேர் கிளம்புவார்கள், அங்கே யார் கேட்கப் போகிறார்கள்? அத்தைக்கு அதில் இருந்த சந்தோஷத்தை நீ பார்த்திருக்க வேண்டும். நான் பாலிசிக்கு அலைந்த காலத்தில் உனக்குச் சோறு ஊட்டி, தலை வாரி, ஸ்கூல் பஸ்ஸில் ஏற்றிவிட்டது அந்தக் கைதான். கல்யாணத்துக்கு ஒரு மாதம் இருக்கும்போதே, போகிற வருகிற இடத்திலெல்லாம் ஒரு கயிற்றுத் துண்டை வைத்துக்கொண்டு முடிச்சுப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஏன் அண்ணி, மாட்டைக் கட்டவா?" என்று கேட்டு வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

நீங்கள் இருவரும் பீர்கஞ்சிலேயே குடித்தனம் வைக்கப் போவதால் பாத்திரச் சீர் என் பொறுப்பு என்று அறிவித்தேன். சொந்தக்காரர்கள் ஆளுக்கொன்று கொடுத்தார்கள். அத்தை ஒரு பெட்டி நிறையக் கொண்டுவந்தார். எல்லாம் பளபளவென்று, கடை ஸ்டிக்கர் கிழியாமல் இருந்தன. நம் ஊரில் ஸ்டிக்கர் இல்லாத பாத்திரத்தைச் சீரில் வைத்தால், புழங்கின பாத்திரம் என்று சபையிலேயே பேசுவார்களே. அதனால் ஒரு ஸ்டிக்கர் கூடக் கசங்கக் கூடாது என்று நான் ஒவ்வொன்றையும் துணியில் சுற்றி, குழந்தையைத் தூக்குவது போல ரயிலில் ஏற்றினேன். சென்னை வந்து, அங்கிருந்து பாட்னா. பாட்னா ரயில் அரைநாள் தாமதம். ஒரு நாள் முன்னதாகப் போய் இறங்கி ஓய்வெடுக்கலாம் என்ற கணக்கு அங்கேயே போயிற்று. பாட்னாவில் இரண்டு வேன் பிடித்தோம். சொந்தங்கள் எல்லாம் முதல் வேனில். சீரும், தாலியும், அப்பாவும், அத்தையும், நானும் இரண்டாவது வேனில்.

விடிந்து வெயில் ஏறும்போது ரக்சௌல் வந்தோம். எல்லைக்கு முன்னால் அதுதான் நம் நாட்டின் கடைசி ஊர். ஊருக்குள் நுழைந்ததும் ரயில்வே கேட் மூடிக்கொண்டது. சரக்கு ரயில் ஒன்று எல்லையைத் தாண்டிப் போவதற்காக மெதுவாக ஊர்ந்துகொண்டிருந்தது. அதன் பின்னால் லாரிகள், லாரிகளுக்கு நடுவே குதிரை வண்டிகள், குதிரைக்கு நடுவே நாங்கள். உன் அப்பாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. சிமென்ட் ஆலை வாசலில் லாரி வரிசையில் கிடந்தே பாதி ஆயுளைக் கழித்த மனிதர் அல்லவா? "நம்ம ஊரு மாதிரியே இருக்கு" என்றார். அந்தப் பயணத்தில் அவர் பேசிய மிக நீளமான வாக்கியம் அதுதான்.

முதல் வேனில் சாமான் இல்லை, அது கேட் மூடுவதற்கு முன்பே தாண்டிப் போய்விட்டது. எங்கள் வேனைச் சோதனைச் சாவடியில் ஓரங்கட்டச் சொன்னார்கள். ஆபீசர் சின்ன வயதுதான், மரியாதையான பிள்ளை. முதலில் நானே தாலியை எடுத்துக் காட்டினேன். அதைக் கும்பிட்டு, இதற்கு ஒன்றும் வேண்டாம் என்று கையசைத்தார். பிறகு பெட்டிகளைத் திறக்கச் சொன்னார். திறந்தால் குடம், அண்டா, தவலை, சொம்பு, தட்டு, டம்ளர். அத்தனையும் புதுசு, அத்தனையிலும் ஸ்டிக்கர். அவர் ஒரு தட்டைத் திருப்பிப் பார்த்தார், என்னைப் பார்த்தார், இந்தியில் ஏதோ சொன்னார். வேன்காரர் கையை ஆட்டி ஆட்டி விளக்கியதிலிருந்து எனக்குப் புரிந்தது இதுதான். புழங்கின பாத்திரம் என்றால் வீட்டுச் சாமான், போகலாம். கடை ஸ்டிக்கரோடு இத்தனை புதுப் பாத்திரம் என்றால் விற்கக் கொண்டுபோகும் சரக்கு. எங்கள் ஊரில் எது மரியாதையோ அதுவே அங்கே வியாபாரம் ஆகிவிட்டது. கட்டிக் காத்து, கசங்காமல் கொண்டுவந்த அந்த ஸ்டிக்கர்களே என்னை எவர்சில்வர் வியாபாரி ஆக்கிவிட்டன.

அப்போதுதான் அத்தை ஒரு குடத்தைத் தூக்கி, அதன் கழுத்தில் வெட்டியிருந்த எழுத்தைக் காட்டினார். "பேரு வெட்டியிருக்குல்ல, பேரு வெட்டுனத எவன் வெல குடுத்து வாங்குவான்? சொல்லு அவருகிட்ட" என்று வேன்காரரைப் பிடித்து உலுக்கினார். பாட்னாக்காரருக்குத் தமிழ் தெரியாது என்பது அவருக்கு அந்த நேரத்தில் ஞாபகம் இல்லை. ஆனால் ஆபீசருக்குப் புரிந்துவிட்டது. புள்ளி புள்ளியாக வெட்டியிருந்ததைத் தடவிப் பார்த்தார். இதில் என்ன எழுதியிருக்கிறது, கடைப் பெயரா, குடும்பப் பெயரா, உங்களைச் சேராத யாராவது படித்துச் சொல்ல முடியுமா என்று அவர் கேட்டதையும் வேன்காரரின் கைதான் எங்களுக்குச் சொன்னது. நியாயமான கேள்விதான். நேபாள எல்லையில் தமிழ் படிக்கிற ஆளுக்கு எங்கே போவது?

உன் அப்பா விறுவிறுவென்று நடக்க ஆரம்பித்தார். மனிதர் கோபித்துக்கொண்டு ஊருக்கே கிளம்பிவிட்டாரோ என்று நினைத்தேன். லாரி வரிசையை நம்பர் பிளேட் நம்பர் பிளேட்டாகப் பார்த்துக்கொண்டே போயிருக்கிறார். திரும்பி வரும்போது கூடவே லுங்கியும் துண்டுமாக ஒரு ஆள். "டி.என். நாப்பத்தாறு" என்றார் அப்பா. பெரம்பலூர் வண்டி. வேப்பந்தட்டை முருகேசன். டயர் லோடு ஏற்றிக்கொண்டு வந்து, சுங்கப் பேப்பர் வருவதற்காக வரிசையில் காத்திருக்கிறாராம். ஸ்டவ்வில் சாம்பார் கொதித்துக்கொண்டிருந்ததாம், அணைத்துவிட்டு வந்திருந்தார். என் பிறந்த ஊர்ப் பக்கத்து ஆளை அந்த இடத்தில் பார்த்ததும் எனக்குக் கண் கலங்கிவிட்டது. அத்தையைப் பார்த்து, பார்த்தீர்களா எங்கள் பெரம்பலூரை என்று ஒரு பார்வை பார்த்தேன். அந்தப் பெருமை எத்தனை நேரம் நின்றது என்பதைக் கேள்.

முருகேசன் முதல் தவலையை எடுத்தார். "மகன் திருமணத்திற்கு அப்பா அம்மா அன்பளிப்பு" என்று படித்து, இந்தியிலும் சொன்னார். ஆபீசர் தலையாட்டினார். அடுத்தது என் அண்ணன் கொடுத்த அண்டா, அதுவும் சரி. மூன்றாவது அத்தை கொண்டுவந்த குடம். அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அக்கா, படிக்கட்டுங்களா?"

"படிங்க தம்பி, அதுக்குத்தான வரச் சொன்னோம்."

"கோமதி பூப்புனித நீராட்டு விழா, அன்பளிப்பு தம்பி குடும்பத்தார்."

கோமதி யார்? உன் அத்தை மகள். தம்பி குடும்பத்தார் யார்? நாம்தான். கோமதியின் சடங்குக்கு நான் பார்த்துப் பார்த்து வாங்கிக் கொடுத்த குடம், கோமதிக்கே ஒரு பெண் பிறந்து பள்ளிக்கூடம் போகிற காலத்தில், புது ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டு என் மகனுக்கே சீராக வந்திருக்கிறது. நான் இடுப்பில் கை வைத்தேன். வாழ்நாளில் அத்தையை அப்படி ஒரு இடத்தில் பிடித்ததில்லை. வாயைத் திறக்கப் போனேன். அதற்குள் முருகேசன் அடுத்ததை எடுத்துவிட்டார், நான் கொண்டுவந்த சொம்பு.

"இத... படிக்கலாமுங்களா?"

என் கை இடுப்பிலிருந்து தானாக இறங்கியது. "அது எதுக்கு தம்பி, அதான் தெரிஞ்சுபோச்சுல்ல" என்றேன்.

"படிப்பா, நிறுத்தாம படி" என்றார் அத்தை.

அவர் உன் பெயரைப் படித்தார். காதணி விழா என்று படித்தார். "அன்பளிப்பு, அத்தை செல்வராணி" என்று முடித்தார். உனக்குக் காது குத்தியபோது அத்தை கொடுத்த சொம்பை நான் பரணில் போட்டு வைத்திருந்தேன். அதைத்தான் புளி போட்டுத் துலக்கி, வேறொரு டம்ளரிலிருந்து ஸ்டிக்கரைப் பக்குவமாக உரித்து ஒட்டி, என் கணக்கில் சீராக வைத்திருந்தேன். "அவன் சொம்பு அவன்கிட்டதான போவுது அண்ணி" என்று முனகிப் பார்த்தேன். எடுபடவில்லை. முருகேசன் அத்தனையையும் ஒரு எழுத்து விடாமல் இந்தியில் பெயர்த்துக்கொண்டிருந்தார். ஆபீசர் சிரிப்பை அடக்க மேஜைக்குக் கீழே எதையோ தேடுவது போலக் குனிந்துகொண்டார். சுற்றிக் கூடியிருந்த டிரைவர்கள் அடக்கவே இல்லை. நானும் அத்தையும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். ரோடா ரயிலா என்ற நாளிலிருந்து நாங்கள் போட்ட சண்டைகளில், இரண்டு பேரும் ஒரே நேரத்தில் தோற்றது அன்று ஒரு தடவைதான். முதலில் அத்தைக்குத்தான் சிரிப்பு வந்தது. பட்டுப்புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு குலுங்கினார். பிறகு எனக்கும் வந்துவிட்டது. உன் அப்பா மட்டும் வாட்சைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவர் பார்த்தது சரிதான். இது வியாபாரச் சரக்கு இல்லை என்பது ஆபீசருக்குச் சந்தேகமில்லாமல் தெரிந்துவிட்டது. இத்தனை வீட்டுப் பெயர் வெட்டிய பாத்திரத்தை எந்த ஊரில் விற்க முடியும்? ஆனால் பெட்டிகளைப் பிரித்துவிட்டதால் மேலதிகாரி வந்து கையெழுத்திட்ட பிறகுதான் விட முடியுமாம். அவர் மதியத்துக்கு மேல்தான் வருவார். முகூர்த்தமோ பன்னிரண்டு மணியோடு முடிகிறது. நீங்கள் போங்கள், சாமானோடு உங்களில் ஒருவர் மட்டும் இங்கே இருக்க வேண்டும் என்றார் ஆபீசர். அப்பா இருக்க முடியாது, நான் இருக்க முடியாது. அத்தை கயிறு பழகிய அந்தக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, சட்டென்று அண்டாமேல் உட்கார்ந்துவிட்டார்.

"நீங்க போங்க. நான் இருக்கேன். சீர் இல்லாம மொதமொதல்ல சம்பந்தி வூட்டு வாசல்ல போயி நிக்கக் கூடாது. மூணாவது முடிச்ச நீயே போட்டுடு புள்ள. கைய இறுக்கிப் போடு, நீ எதையும் லூசாத்தான் கட்டுவ."

தம்பி, அந்த இடத்தில் எனக்கு வந்தது கோபமா அழுகையா என்று இன்றுவரை தெரியவில்லை. அத்தனை நேரமும் எனக்குப் பாத்திரம்தான் பெரிதாகத் தெரிந்தது. ஸ்டிக்கர் கசங்கக் கூடாது என்று ரயிலில் இரண்டு நாள் தூங்காமல் வந்தவள் நான். ஆனால் உன்னை ஊட்டி வளர்த்த மனுஷி அண்டாமேல் காவலுக்கு உட்கார்ந்திருக்க, நான் போய் அவர் முடிச்சைப் போடுவதா? "எந்திரிங்க அண்ணி" என்றேன். "அண்டாவும் வேணாம் குண்டாவும் வேணாம். எல்லாத்தையும் இவுங்களே வச்சுக்கட்டும். வெறுங்கையோட போனா சம்பந்தி என்னா நினைப்பாங்களோ நினைச்சுக்கட்டும். நீங்க இல்லாம அந்த முடிச்ச நான் போட மாட்டேன்." நான் இப்படிப் பேசியதைக் கேட்டு உன் அப்பா என்னைப் புதிதாகப் பெண் பார்ப்பது போலப் பார்த்தார்.

முருகேசன்தான் தொண்டையைக் கனைத்துக்கொண்டு ஆபீசரிடம் போய் ஏதோ பேசினார். ஆபீசர் எங்களைப் பார்த்தார், பாத்திரங்களைப் பார்த்தார், சிரித்துக்கொண்டே தலையாட்டினார். "நான் இருக்கேன்னு சொல்லிட்டேன் அக்கா. என் வண்டி இன்னிக்கு நகராது. எந்தப் பாத்திரம் யாரு குடுத்ததுன்னு இப்ப உங்களவிட எனக்குத்தான் நல்லாத் தெரியும், அதயேதான் சாரும் சொல்றாரு. நீங்க கெளம்புங்க." பெயர் தெரிந்து அரை மணி நேரம்கூட ஆகாத ஒரு ஆளிடம் நம் குடும்ப மானம் முழுவதையும் ஒப்படைத்துவிட்டு நாங்கள் மூவரும் ஓடினோம். வேன் வரிசையில் மாட்டிக்கொண்டிருந்தது. ஒரு குதிரை வண்டிக்காரர் ஏற்றிக்கொண்டார். லாரிகளுக்கு நடுவில் வளைந்து வளைந்து போகும்போது, ஒவ்வொரு லாரியிலிருந்தும் டிரைவர்கள் குரல் கொடுத்து எங்களுக்கு வழி விடச் சொன்னார்கள். கதை எங்களுக்கு முன்னால் போய்விட்டிருந்தது போல. ஒருவர் அத்தையைப் பார்த்துச் சொம்பு பிடிப்பது போலக் கையைக் காட்டிச் சிரித்தார்.

மீதி உனக்குத் தெரியும். நாங்கள் புழுதியோடு மண்டபத்துக்குள் நுழைந்ததும், சரிதாவின் அப்பா ஓடிவந்து என் கையிலிருந்த ஒரே பையை வாங்கிக்கொண்டார். சீர் எங்கே என்று அந்த வீட்டில் ஒருவர் கேட்கவில்லை. அவர் மனைவி எங்கள் கால் கழுவத் தண்ணீர் கொண்டுவந்தார். நீ தாலி கட்டினாய், இரண்டு முடிச்சு. மூன்றாவதை அத்தை போட்டார். ஒரு மாதம் கயிற்றில் பழகியும் அது லூசாகத்தான் விழுந்தது. நான் பார்த்தேன், அவரும் நான் பார்த்ததைப் பார்த்தார். சாயந்திரம் பந்தி நடக்கும்போது லுங்கி கட்டிய ஒருவர் குதிரை வண்டி நிறையப் பாத்திரத்தோடு வந்து இறங்கினாரே, உன் ஆபீஸ் நண்பர்கள் கேட்டரிங் ஆள் என்று நினைத்துத் தண்ணீர் கேட்டார்களே, அவர்தான் முருகேசன். ஒரு டம்ளர் குறையவில்லை. ஸ்டிக்கர்களை மட்டும் ஒன்று விடாமல் உரித்திருந்தார். "எதுக்கு தம்பி?" என்று கேட்டேன். "நீங்க திரும்பி வரையில இத வேற எதுலயாவது ஒட்டிக்கிட்டு வந்து மாட்டிக்கிடுவீங்களோன்னுதான் அக்கா" என்றார். பெரம்பலூர்க் குசும்பு.

ஊருக்குத் திரும்பியதிலிருந்து யோசித்துக்கொண்டிருக்கிறேன். உன் வேலை என்ன என்று யாராவது கேட்டால் நான் இப்போது குழி தோண்டுகிறான் என்று சொல்வதில்லை. நாடு விட்டு நாடு சாலை என்றால், போட்டுவிட்டால் வண்டி போய்விடும் என்றுதான் நினைத்திருந்தேன். சாலை ஏற்கெனவே இருக்கிறது, ரயிலும் போகிறது. ஆட்கள்தான் நிற்கிறார்கள். ஊரிலிருந்து கிளம்பும்போது நிறைமாதமாக இருந்த தன் மனைவிக்குக் குழந்தை பிறந்துவிட்டதை முருகேசன் அந்த வரிசையில் நின்றுகொண்டுதான் போனில் கேட்டாராம். நீ பார்க்கிற மண்ணின் மேல் முனையம் எழும்பி, பாதை நீண்டு, பேப்பரும் சீக்கிரம் கைக்கு வந்தால் அவரைப் போன்றவர்கள் ஒரு நாள் முன்னதாக வீடு போய்ச் சேருவார்கள். உன் வேலை அதுதான் என்று புரிந்துகொள்ள எனக்கு ஒரு சொம்பு தேவைப்பட்டிருக்கிறது.

அம்மாவாக ஒன்றே ஒன்று கேட்டுக்கொள்கிறேன், இதில் கேலி இல்லை. உங்கள் பெரிய வரைபடத்தில் லாரிக்கு இடம் இருக்கும், எடை மேடைக்கு இடம் இருக்கும், கேமராவுக்கும் இடம் இருக்கும். காத்திருக்கிற பெண்பிள்ளைகள் போய் வர ஒரு கழிப்பறையும், டிரைவர்கள் குளிக்க ஒரு குழாயும், உட்கார ஒரு நிழலும் இருக்கிறதா என்று பார். அன்று காலையில் நானும் அத்தையும் அந்தச் சாவடியில் பட்ட பாட்டை எழுத மாட்டேன், இது எல்லோரும் படிக்கிற கடிதம். ஒரு டயர் கடைக்காரரின் மனைவி எங்களைத் தன் வீட்டுக்குள் கூட்டிப் போகாவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று மட்டும் சொல்லிவைக்கிறேன். மண்ணு பார்க்கிற வேலைதானே என்னுடையது, அதெல்லாம் வேறு ஆள் பார்ப்பார் என்று சொல்லாதே. மீட்டிங்கில் எழுந்து நின்று, எங்கள் அம்மா கேட்டார் என்று சொல். சிரிப்பார்கள். சிரித்தால் சிரிக்கட்டும், சிரித்த பிறகுதான் அந்த ஆபீசருக்கும் எங்கள்மேல் இரக்கம் வந்தது.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் நிறையப் பேர். சாம்பாரை அணைத்துவிட்டு வந்தவருக்கு, சிரிப்பை மறைக்கக் குனிந்தவருக்கு, வழிவிட்ட டிரைவர்களுக்கு, டயர் கடை வீட்டம்மாவுக்கு, சீர் எங்கே என்று கேட்காத சம்பந்திக்கு. பாஷை தெரியாத ஊரில் இத்தனை பேர் கை கொடுத்து என்னை ஒரு கல்யாணத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறார்கள். அவர்கள் நடுவில்தான் நீ குடித்தனம் நடத்துகிறாய் என்று நினைத்தால், எனக்கு இப்போது ராத்திரி நன்றாகத் தூக்கம் வருகிறது.

இனி சொம்பு. முருகேசன் அடுத்த நடைக்கு அந்தப் பக்கம் வந்தபோது நீங்கள் அவரைக் கூப்பிட்டுச் சோறு போட்டு, அவர் கையில் இதைக் கொடுத்தீர்களாம். பெரம்பலூரில் லாரியை விடாமல், வழியை விட்டு விலகி நம் தெருவரைக்கும் வந்து கொடுத்துவிட்டுப் போனார். பிரித்துப் பார்த்தால் நான் அனுப்பிய அதே சொம்பு. அத்தை கொடுத்தது, நான் திருப்பியது, இப்போது சரிதா திருப்பியது. மருமகள் நம் குடும்ப வழக்கத்தைச் சரியாகப் பிடித்துக்கொண்டாள் என்று பெருமையாக இருந்தது. அத்தையை வரச் சொன்னேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். காதணி விழாவுக்குக் கீழே புதிதாக இரண்டு வரி வெட்டியிருக்கிறது, அவர்கள் எழுத்தில். எங்களுக்கு ஒன்றும் புரியவில்லை.

"நம்மளப் பத்தி என்னமோ எழுதியிருக்கா" என்றார் அத்தை.

"எழுதட்டும் அண்ணி, எழுதுற மாதிரிதான நடந்துகிட்டோம்."

நம் ஊர்க் கல்யாண மண்டபத்து வாட்ச்மேன் நேபாளக்காரர்தான், அஞ்சு நிமிஷத்தில் படித்துச் சொல்லிவிடுவார் என்று உன் அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். இரண்டு பேரும் ஒரே குரலில் வேண்டாம் என்று தடுத்துவிட்டோம். எங்கள் பாத்திரத்தில் இருந்ததை ஊரார் படித்துக் கேட்டது போதும். இதை எழுதியவள்தான் இங்கே வந்து, எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் உட்கார்ந்து படித்துச் சொல்ல வேண்டும். அதுவரை சொம்பு சாமி அலமாரியில் இருக்கும், பரணில் போட மாட்டேன், அத்தை தினமும் வந்து பார்த்துவிட்டுப் போகிறார். பொங்கலுக்கு லீவு போடு. ரயிலோ பஸ்ஸோ எது கிடைக்கிறதோ அதில் அவளைக் கூட்டிக்கொண்டு வா.

உன் அம்மா